திரையில் நடந்த காந்தி

இன்றைய மாணவர்களுக்குக் காந்தி என்றால் ரூபாய் நோட்டும் சிலையும்தான். அவர் நடந்து நான் பார்த்தது டாக்குமெண்டரிப் படங்களில்தான்.

1869-இல் போர்பந்தரில் பிறந்தார். லண்டனில் சட்டம் படித்து, தென்னாப்பிரிக்காவில் போராடி, 1915-இல் தாயகம் திரும்பினார். சினிமா மேல் அவருக்குப் பிரியமே கிடையாது. ஆனா கேமராக்கள் அவரை விடலை. 1930-இல் தண்டிக்கு 24 நாளில் 240 மைல்! அறுபது வயதில் கைத்தடியோடு என்னமா நடக்கிறார்! 1931-இல் பேசும் படத்திலும் வந்தார்.

இப்படிச் சிதறிக் கிடந்த படச்சுருள்களை நம்ம ஏ.கே. செட்டியார் உலகம் சுற்றித் திரட்டி, 1940-இல் தமிழில் முழுப்படமாக வெளியிட்டார்.

1948 ஜனவரி 30, பிரார்த்தனைக்கு நடந்துபோனவரைச் சுட்டுக் கொன்றார்கள்.

தம்பி தங்கைகளே, சிலைக்கு மாலை போட்டால் மட்டும் போதாது. அந்த நடையையும் ஒருதரம் பாருங்க. அவரும் நம்மைப்போல மனுஷர்தான் என்பது அப்போதான் புரியும்.