சாளரத்தில் ஒரு விளக்கு

நுழையும்முன்

அழைத்தும் வராத மருத்துவருக்காக விடியவிடியக் காத்திருந்து ஓர் உயிர் பிரிவதைக் கண்டார் ஒரு சிறுமி. பின்னாளில் அவரே மருத்துவராகித் தம் மக்களிடம் திரும்பினார். அமெரிக்காவின் மேற்கு எல்லைப்புறத்தில் வாழ்ந்த பூர்வகுடிப் பெண் மருத்துவர் சூசன் லா பிளெஷ் பிகாட்டின் வாழ்க்கையை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

எல்லைப்புறமும் மக்களும்

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்க ஐக்கிய நாடுகளின் குடியேற்றம் மிசிசிப்பி ஆற்றைக் கடந்து மேற்கு நோக்கி விரைந்து பரவியது. 1862ஆம் ஆண்டு இயற்றப்பட்ட குடிநிலச் சட்டம், ஐந்தாண்டுகள் தங்கிப் பயிரிடுவோருக்கு 160 ஏக்கர் வரை நிலம் வழங்கியது. திருமணமாகாத பெண்களும் கைம்பெண்களும்கூட இச்சட்டத்தின்வழி நிலம் பெற்றனர். மரங்கள் அரிதான நெப்ராஸ்காப் புல்வெளியில், வேரோடு வெட்டியெடுத்த புல்மண் கட்டிகளை அடுக்கிக் குடியேறியோர் வீடு கட்டினர். விறகு கிடைக்காதபோது காய்ந்த சாணத்தை எரித்துச் சமைத்தனர். அண்டை வீடு கண்ணுக்கெட்டாத தொலைவில் இருந்தது. பேறுகாலத்தில் மருத்துவர் வந்து சேர்வது அரிது. மேற்கு எல்லைப்புறப் பெண்கள் என்றதும் இவர்களே பெரும்பாலும் நம் நினைவுக்கு வருவர்.

ஆனால் அந்நிலம் ஆளற்ற நிலமன்று. மிசௌரி ஆற்றங்கரையில் மக்காச்சோளம் பயிரிட்டும் காட்டெருமைகளை வேட்டையாடியும் ஒமாகா மக்கள் அங்கே வாழ்ந்துவந்தனர். 1854ஆம் ஆண்டு ஒப்பந்தத்தால் தம் நிலத்தின் பெரும்பகுதியை அரசிடம் அளித்துவிட்டு, நெப்ராஸ்காவின் வடகிழக்கில் ஓர் ஒதுக்கீட்டுப் பகுதிக்குள் அவர்கள் ஒடுங்க நேர்ந்தது. அடுத்த இருபது ஆண்டுகளில் காட்டெருமை மந்தைகள் அற்றுப்போயின. உணவும் உடையும் உறைவிடமும் தந்த விலங்கு மறைந்ததும், அவர்களின் பழைய வாழ்க்கைமுறையும் முடிவுக்கு வந்தது. குடியேறிய பெண்களுக்கு எல்லைப்புறம் ஒரு தொடக்கம். ஒமாகாப் பெண்களுக்கோ அஃது ஓர் இழப்பு. அந்த இழப்பின் நடுவே, 1865ஆம் ஆண்டு ஜூன் 17ஆம் நாள் சூசன் பிறந்தார்.

வராத மருத்துவர்

சூசனின் தந்தை ஜோசப் லா பிளெஷ், ஒமாகா மக்களின் தலைவர். இரும்புக்கண் என்னும் பெயராலும் அறியப்பட்டவர். தாய் மேரி. மாறிவரும் உலகில் தம் மக்கள் நிலைத்திருக்க வேண்டுமானால், குடியேறியோரின் கல்வியையும் உழவுமுறையையும் கற்றாக வேண்டும் என்று தந்தை நம்பினார். தம் ஊரில் மரச்சட்ட வீடுகளை எழுப்பினார், மதுவைத் தடைசெய்தார். மரபுவழி வந்த பச்சைகுத்தும் வழக்கத்தைத் தம் பெண்களுக்கு அவர் விலக்கினார். அவரது வழியை ஏற்காத ஒமாகா மக்களும் இருந்தனர். வெள்ளையரைப்போல் நடிப்போரின் ஊர் என்று அவ்வூரை அவர்கள் ஏளனம் செய்தனர். இரண்டு உலகங்களுக்கு இடையே நிற்பதன் துன்பத்தைச் சூசன் தம் வீட்டிலேயே கண்டு வளர்ந்தார்.

அவருக்கு எட்டு வயதானபோது, நோயுற்ற ஒமாகா மூதாட்டி ஒருவரின் அருகே ஓர் இரவு முழுதும் அமர்ந்திருந்தார். ஒதுக்கீட்டுப் பகுதிக்கென அரசு அமர்த்திய மருத்துவருக்கு நான்கு முறை ஆள் அனுப்பப்பட்டது. ஒவ்வொரு முறையும் வருவதாக மறுமொழி வந்தது. மருத்துவர் மட்டும் வரவில்லை. பொழுது புலர்வதற்குள் மூதாட்டியின் உயிர் பிரிந்தது. பூர்வகுடி ஒருவரின் உயிர் அம்மருத்துவருக்கு ஒரு பொருட்டாகத் தோன்றவில்லை என்பதை அச்சிறுமி உணர்ந்தார். தாம் மருத்துவராவதற்கு அந்த இரவே காரணம் என்று பிற்காலத்தில் அவர் நினைவுகூர்ந்தார்.

கல்வி தேடிய பயணம்

தொடக்கக் கல்வியை ஊரிலிருந்த சமயப் பள்ளியில் கற்ற சூசன், தம் பதினான்காம் வயதில் அக்கா மார்கரெட்டுடன் நியூஜெர்சியில் உள்ள பெண்கள் பள்ளிக்குச் சென்றார். அவருடைய மூத்த அக்கா சுசெட், பூர்வகுடிகளின் உரிமைக்காக அதே காலத்தில் கிழக்கு நகரங்களின் மேடைகளில் குரல் கொடுத்துவந்தார். மூன்றாண்டுகளுக்குப்பின் ஊர் திரும்பிய சூசன், ஒதுக்கீட்டுப் பகுதிப் பள்ளியில் ஆசிரியராகப் பணியாற்றினார். அப்போது ஒமாகா மக்களிடையே தங்கி ஆய்வு செய்த ஆலிஸ் பிளெட்சர் என்னும் மானுடவியல் அறிஞர் கடும் முடக்குவாதத்தால் படுக்கையில் வீழ்ந்தார். அவருக்குச் சூசன் பணிவிடை செய்தார். அந்தக் கைகளின் திறத்தையும் பொறுமையையும் கண்ட அறிஞர், மேற்படிப்புக்குச் செல்லுமாறு அவரை ஊக்கினார்.

வர்ஜீனியாவில் உள்ள ஹாம்ப்டன் கல்வி நிலையத்தில் பயின்று 1886ஆம் ஆண்டு சிறப்பிடத்துடன் தேறினார் சூசன். அந்நிலையத்தின் மருத்துவரான மார்த்தா வால்ட்ரன், தாம் பயின்ற பென்சில்வேனியா மகளிர் மருத்துவக் கல்லூரியில் சேர அவருக்கு வழிகாட்டினார். செலவுக்குப் பணம் வேண்டுமே! கனெக்டிகட் மாநிலப் பெண்கள் சிலர் நடத்திய சங்கம் உதவ முன்வந்தது. அரசும் ஓரளவு உதவியது. பட்டம் பெற்றபின் சில ஆண்டுகள் திருமணம் செய்துகொள்ளாமல் பணியாற்ற வேண்டும் என்னும் எதிர்பார்ப்பும் அவ்வுதவியுடன் வந்தது. சூசன் அதற்கும் இசைந்தார்.

பிலடெல்பியா நகரில் இருந்த இம்மகளிர் கல்லூரி நம் நாட்டோடும் தொடர்புடையது. இந்தியப் பெண்களில் மேலை மருத்துவப் பட்டம் பெற்ற முன்னோடியான ஆனந்திபாய் ஜோஷி, சூசன் சேர்ந்த அதே 1886ஆம் ஆண்டில்தான் இங்குப் பட்டம் பெற்று வெளியேறினார். வேலூரில் மருத்துவமனை நிறுவிய ஐடா ஸ்கடரும் சில ஆண்டுகளுக்குப்பின் இக்கல்லூரியில் பயின்றவரே.

மூன்றாண்டுப் படிப்பின் இடையே, 1888ஆம் ஆண்டு, தந்தை மறைந்தார். துயரத்தைத் தாங்கிக்கொண்டு படிப்பைத் தொடர்ந்த சூசன், 1889ஆம் ஆண்டு மார்ச்சு 14ஆம் நாள், 36 மாணவியர் கொண்ட வகுப்பில் முதலிடம் பெற்றுத் தேறினார். அமெரிக்கப் பூர்வகுடிப் பெண்களில் மருத்துவப் பட்டம் பெற்ற முதல்வர் என்னும் சிறப்பு அவருக்கு உரியதாயிற்று.

திரும்பி வந்த மருத்துவர்

நகரில் தங்கிப் பொருளீட்டச் சூசனுக்கு வாய்ப்புகள் இருந்தன. அவரோ ஒதுக்கீட்டுப் பகுதிக்கே திரும்பினார். முதலில் அரசுப் பள்ளி மாணவர்களுக்கான மருத்துவராகப் பொறுப்பேற்றார். ஒமாகா மொழியில் பேசி, ஒமாகா முறையறிந்து பழகும் மருத்துவரைத் தேடிப் பெரியவர்களும் வரத் தொடங்கினர். விரைவிலேயே ஆயிரத்து இருநூற்றுக்கும் மேற்பட்ட மக்களுக்கு அவர் ஒருவரே மருத்துவர் என்னும் நிலை உருவானது. ஆண்டுக்கு அரசு வழங்கிய ஊதியம் 500 டாலர். மருந்துகளுக்குப் பலமுறை தம் பணத்தையே அவர் செலவிட்டார்.

நல்ல சாலைகள் இல்லை, தொலைபேசி இல்லை. நோயாளியின் வீட்டுக்கு நடந்தும், குதிரைமீதும், பிறகு குதிரை வண்டியிலும் சென்றார். குளிர்காலத்தில் பனிப்புயல் வீசும்போதும் பயணம் நிற்கவில்லை. காசநோய், சளிக்காய்ச்சல், சீதபேதி, கண்நோய் எனப் பல நோய்கள் மக்களை வாட்டின. மருந்து கொடுத்ததோடு அவர் அமையவில்லை. மெலிந்த நோயாளிக்குத் தம் கையால் உணவு சமைத்துக் கொடுத்தார். எழுதப் படிக்கத் தெரியாதோருக்கு மடல்கள் எழுதினார்; அவர்களின் நிலக் கணக்குகளைச் சரிபார்த்தார். இரவில் தம்மைத் தேடி வருவோர் வழிதவறாதிருக்கச் சாளரத்தில் விளக்கேற்றி வைத்தார் என்று அப்பகுதி மக்கள் வழிவழியாகச் சொல்லிவருகின்றனர்.

ஓய்வற்ற உழைப்பு அவர் உடலை உருக்கியது. கழுத்திலும் காதிலும் தீராத வலி தோன்றியது. நோயுற்ற தாயைக் கவனிக்கும் கடமையும் சேர்ந்துகொள்ளவே, 1893ஆம் ஆண்டு அரசுப் பணியிலிருந்து விலகினார். மறு ஆண்டு, சூ இனத்தைச் சேர்ந்த ஹென்றி பிகாட்டை மணந்தார். பேங்க்ராப்ட் என்னும் ஊரில் குடியேறி, ஒமாகா மக்களுக்கும் வெள்ளையருக்கும் வேறுபாடின்றி மருத்துவம் பார்த்தார். இரண்டு ஆண்மக்கள் பிறந்தனர். பெண்கள் திருமணத்திற்குப்பின் தொழிலைக் கைவிடுவதே முறை என்று பலரும் கருதிய அக்காலத்தில், இல்லறத்தையும் மருத்துவத்தையும் அவர் ஒருங்கே நடத்தினார்.

மருந்தால் தீராத நோய்கள்

தந்தையின் மறைவுக்குப்பின் ஒதுக்கீட்டுப் பகுதியில் மதுவிற்பனை பெருகியது. குடிபோதையில் கிடப்போரிடம் அற்ப விலைக்கு நிலங்கள் பறிக்கப்பட்டன. சூசனின் கணவரும் குடிப்பழக்கத்திற்கும் காசநோய்க்கும் இரையாகி 1905ஆம் ஆண்டு இறந்தார். பிறர் வீட்டில் தாம் எதிர்த்துப் போராடிய பகைவன் தம் வீட்டிற்குள்ளும் புகுந்துவிட்ட துயரம் அது. அத்துயரில் அவர் முடங்கவில்லை. ஒதுக்கீட்டுப் பகுதியில் புதிதாக உருவாகும் ஊர்களில் மது விற்கலாகாது என்னும் விதியை மனைப் பத்திரங்களிலேயே சேர்க்குமாறு அரசை வலியுறுத்தி, 1906ஆம் ஆண்டு அதில் வெற்றியும் கண்டார்.

நிலம் மற்றொரு போராட்டமாயிற்று. ஒமாகா மக்களுக்குக் குடும்பந்தோறும் நிலம் பிரித்தளிக்கப்பட்டிருந்தது. எனினும் அந்நிலத்தை அரசு தன் பொறுப்பிலேயே வைத்திருந்தது. விற்கவோ குத்தகைக்கு விடவோ அரசு அலுவலகத்தின் இசைவு வேண்டும். கணவர் விட்டுச்சென்ற நிலத்தில் தமக்கும் தம் பிள்ளைகளுக்கும் உரிய பங்கைப் பெறச் சூசன் மடல்மேல் மடல் எழுத வேண்டியிருந்தது. ஊரின் உயிர்களைக் காக்கத் தகுதியுள்ள மருத்துவர், தம் உடைமையை ஆளத் தகுதியற்றவராகக் கருதப்பட்டார். தம் மக்களுக்கு அரசின் பாதுகாப்பு தேவை என்று ஒரு காலத்தில் எண்ணியவர் அவர். பட்டறிவு அவ்வெண்ணத்தை மாற்றியது. அரசு தன் பிடியை மேலும் பத்தாண்டுகள் நீட்டிக்க முனைந்தபோது எதிர்த்து எழுதினார், பேசினார். 1910ஆம் ஆண்டு, உடல் நலிந்திருந்த நிலையிலும், ஒமாகா மக்களின் பேராளராக வாஷிங்டன் சென்று அதிகாரிகளிடம் வாதாடினார்.

நலவாழ்வைப் பேணக் கற்பிப்பதும் மருத்துவரின் கடமை என்று அவர் கருதினார். காசநோய் ஒருவரிடமிருந்து ஒருவருக்குப் பரவாதிருக்க, பொது இடங்களில் அனைவரும் ஒரே குவளையில் நீர் அருந்தும் வழக்கத்தை ஒழிக்கப் பரப்புரை செய்தார். ஈக்களால் நோய் பரவுவதை விளக்கினார். சாளரங்களுக்கும் கதவுகளுக்கும் வலையடிக்குமாறு வலியுறுத்தினார்.

கனவு மெய்ப்பட்டது

ஒதுக்கீட்டுப் பகுதியில் ஒரு மருத்துவமனை எழ வேண்டும் என்பது அவரது நெடுநாள் கனவு. அரசு அதற்குப் பணம் ஒதுக்கவில்லை. சமய அமைப்புகளிடமும் நல்லுள்ளம் கொண்டோரிடமும் அவர் உதவி திரட்டினார். 1913ஆம் ஆண்டு சனவரியில், தாம் குடியேறியிருந்த வால்ட்ஹில் ஊரின் குன்றின்மேல் அம்மருத்துவமனை திறக்கப்பட்டது. பொதுக்கூடங்களும் தனியறைகளும் மகப்பேற்று அறையும் அறுவை அறையும் அதில் அமைந்தன. பூர்வகுடிகளும் வெள்ளையரும் அங்கே ஒருசேர மருத்துவம் பெற்றனர்.

அதற்குள் காதை வருத்திய நோய் எலும்பில் புற்றாக முற்றியிருந்தது. 1915ஆம் ஆண்டு செப்டம்பர் 18ஆம் நாள், ஐம்பதாம் வயதில், சூசன் மறைந்தார். பூர்வகுடிகள் அனைவருக்கும் அமெரிக்கக் குடியுரிமை கிடைப்பதற்கு மேலும் ஒன்பது ஆண்டுகள் ஆயின. அவர் எழுப்பிய கட்டடம் அவர் பெயரையே தாங்கி, 1993ஆம் ஆண்டு தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது.

சூசன் தொடங்கிய போராட்டங்கள் அனைத்தும் அவர் காலத்தில் வெற்றி பெறவில்லை. மது முற்றிலும் ஒழியவில்லை. இழந்த நிலங்கள் மீளவில்லை. ஆயினும், நான்கு முறை அழைத்தும் மருத்துவர் வராத ஊரில், அழைத்த வீட்டிற்கெல்லாம் ஒரு மருத்துவர் வந்தார். நோயுற்ற மூதாட்டியின் அருகே விழித்திருந்த சிறுமி, தம் மக்களின் அருகே வாழ்நாள் முழுதும் விழித்திருந்தார்.

கற்பவை கற்றபின்...

1. குடியேறிய பெண்களுக்கும் ஒமாகாப் பெண்களுக்கும் மேற்கு எல்லைப்புறம் எவ்வாறு வெவ்வேறு பொருள் தந்தது என்பதைக் குழுவாகக் கலந்துரையாடுக.

2. மருத்துவர் ஒருவர் நில உரிமைக்காகவும் மதுவிலக்கிற்காகவும் போராட வேண்டிய தேவை என்ன? உம் கருத்தை ஒரு பக்க அளவில் எழுதுக.

3. ஆனந்திபாய் ஜோஷி, ஐடா ஸ்கடர் ஆகியோரின் வாழ்க்கைக் குறிப்புகளைத் திரட்டி, சூசனின் வாழ்க்கையோடு ஒப்பிட்டு வகுப்பறையில் உரையாற்றுக.