ரோலிங் ஸ்டோன்ஸை ஆரம்பித்தவரையே வெளியேற்றியது ஏன்? யார் இந்த பிரையன் ஜோன்ஸ்?

ரோலிங் ஸ்டோன்ஸ் என்றதும் சிவப்பு உதடு, நீட்டிய நாக்கு போட்ட டி-சர்ட்தான் பலருக்கும் ஞாபகம் வரும். அடுத்து மிக் ஜாகர், கீத் ரிச்சர்ட்ஸ் என்று இரண்டு பெயர்கள். ஆனா இந்தக் குழுவை ஆரம்பித்தது இவங்க ரெண்டு பேருமே இல்லை. விளம்பரம் கொடுத்து ஆள் சேர்த்தவர், குழுவுக்குப் பெயர் வைத்தவர், முதல் மேடைக்கு ஏற்பாடு செய்தவர் பிரையன் ஜோன்ஸ்.

1962-ல் அவர் தொடங்கிய குழு, 1969 ஜூனில் அவரையே வெளியே அனுப்பியது. அடுத்த ஒரு மாதத்துக்குள் தன் வீட்டு நீச்சல் குளத்தில் இறந்து கிடந்தார். வயது 27. அந்த நாக்கு லோகோ வந்ததே அதற்குப் பிறகுதான்.

செல்டன்ஹாம் பையன்

பிரையன் பிறந்தது 1942 பிப்ரவரி 28-ம் தேதி, இங்கிலாந்தின் செல்டன்ஹாம் நகரில். அப்பா விமானப் பொறியாளர், அம்மா பியானோ டீச்சர். கட்டுப்பாடான நடுத்தரக் குடும்பம். சின்ன வயதிலிருந்தே ஆஸ்துமா. படிப்பில் கெட்டிக்காரர், ஆனா பள்ளிக்கூடத்து ஒழுங்குக்கு அடங்காதவர்.

முதலில் பியானோ, பிறகு கிளாரினெட், பிறகு சாக்ஸபோன், 17 வயதில் கிடார். கையில் எது கிடைத்தாலும் சீக்கிரமே வாசிக்கப் பழகிவிடுவார்.

இதே வயதில் இன்னொரு பக்கமும் தெரிய ஆரம்பித்தது. பள்ளியில் படிக்கும்போதே அவரால் ஒரு மாணவி கர்ப்பமானார். பிறந்த குழந்தை தத்துக் கொடுக்கப்பட்டது. பின்னாளிலும் வெவ்வேறு பெண்களிடம் அவருக்குக் குழந்தைகள் பிறந்தன. எந்தக் குழந்தையையும் அவர் பொறுப்பாக வளர்க்கவில்லை. அவர் வாழ்க்கையைச் சொல்லும்போது இதையும் விட முடியாது.

லண்டனும் ப்ளூஸும்

அப்போது பிரிட்டிஷ் கிளப்களில் ஜாஸ்தான் ராஜா. அமெரிக்கக் கறுப்பினக் கலைஞர்கள் சிகாகோவில் எலெக்ட்ரிக் கிடாரோடு வாசித்த ப்ளூஸ், அதிலிருந்து வந்த ரிதம் அண்ட் ப்ளூஸ் எல்லாம் ஒரு சின்னக் கூட்டத்துக்கு மட்டுமே தெரியும். அந்த இசைத்தட்டுகள் கடையில் எளிதில் கிடைக்காது. யாரிடமாவது ஒன்று இருந்தால் கை மாறி மாறிப் போகும்.

1962 மார்ச்சில் அலெக்சிஸ் கார்னர் லண்டன் ஈலிங் பகுதியில் ஒரு ப்ளூஸ் கிளப்பைத் தொடங்கினார். பிரையன் அங்கே எல்மோ லூயிஸ் என்ற புனைபெயரில் மேடை ஏறினார். எல்மோர் ஜேம்ஸ் வாசித்த பாணியில் ஸ்லைடு கிடார். அதாவது, விரலில் ஒரு கண்ணாடி அல்லது உலோகக் குழாயை மாட்டிக்கொண்டு தந்தி மேல் வழுக்கி வாசிப்பது. ஸ்வரங்கள் குரல் மாதிரி இழுபடும். அன்றைய பிரிட்டனில் அதை வாசிக்கத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு.

அந்த ஏப்ரலில் கூட்டத்தில் நின்று அதைக் கேட்ட இரண்டு பேர் அசந்துபோனார்கள். அவர்கள்தான் மிக் ஜாகர், கீத் ரிச்சர்ட்ஸ்.

பெயர் வந்த கதை

1962 மே மாதம் 'ஜாஸ் நியூஸ்' பத்திரிகையில் குழுவுக்கு ஆள் தேவை என்று விளம்பரம் கொடுத்தார் பிரையன். முதலில் வந்தவர் பியானோ கலைஞர் இயன் ஸ்டூவர்ட். பிறகு ஜாகரும் ரிச்சர்ட்ஸும் சேர்ந்தார்கள்.

நிகழ்ச்சி அறிவிப்புக்காக அதே பத்திரிகையுடன் போனில் பேசும்போது குழுவின் பெயர் என்ன என்று கேட்கிறார்கள். பெயரே வைக்கவில்லை! தரையில் கிடந்தது மடி வாட்டர்ஸின் இசைத்தட்டு. அதிலிருந்த ஒரு பாட்டின் பெயரையே பிரையன் சொல்லிவிட்டார் என்பதுதான் காலங்காலமாகச் சொல்லப்படும் கதை. 1962 ஜூலை 12-ம் தேதி லண்டன் மார்க்கீ கிளப்பில் முதல் நிகழ்ச்சி நடந்தது.

அந்தக் குளிர்காலம் பிரிட்டனையே உறைய வைத்த குளிர்காலம். செல்சியில் ஈடித் குரோவ் தெருவில் ஓர் அழுக்கு வீட்டில் பிரையன், ஜாகர், ரிச்சர்ட்ஸ் மூவரும் அரைப்பட்டினியாகக் கிடந்து நாள் முழுக்கப் பயிற்சி செய்தார்கள். 1962 டிசம்பரில் பேஸ் கிடாருக்கு பில் வைமனும், 1963 ஜனவரியில் டிரம்ஸுக்கு சார்லி வாட்ஸும் வந்தார்கள். குழு முழுமையானது.

டெக்கா ஒப்பந்தம், ஐந்து பவுண்டு விவகாரம்

பீட்டில்ஸை வேண்டாம் என்று அனுப்பிய நிறுவனம் என்று பெயர் வாங்கியிருந்த டெக்கா, 1963-ல் இவர்களை விடவில்லை. அந்த ஜூனில் வந்த முதல் பாடல் சக் பெர்ரியின் 'கம் ஆன்'. பிரிட்டிஷ் தரவரிசையில் 21-ம் இடம். அடுத்தது லெனனும் மெக்கார்ட்னியும் எழுதிய 'ஐ வான்னா பி யுவர் மேன்'. அதில் பிரையனின் ஸ்லைடு கிடார்தான் ஹைலைட். அது 12-ம் இடம் வரை போனது.

1964 இறுதியில் வில்லி டிக்சன் எழுதிய 'லிட்டில் ரெட் ரூஸ்டர்' பிரிட்டனில் முதலிடம் பிடித்தது. கலப்படமே இல்லாத ஒரு ப்ளூஸ் பாட்டு அந்த இடத்துக்கு வந்தது அதுவே முதல் முறை. பிரையனின் கனவு நிறைவேறிய தருணம் அது. 1965-ல் ஓர் அமெரிக்க டிவி நிகழ்ச்சிக்குப் போனபோது, அந்தப் பாட்டை முதலில் பதிவு செய்த ஹவுலின் உல்ஃபையும் மேடை ஏற்ற வேண்டும் என்று குழு வலியுறுத்தியது. ஏற்றவும் வைத்தது.

ஆனா அதற்குள் விரிசல் விழுந்துவிட்டது. தலைவர் என்ற முறையில் பிரையன் மற்றவர்களுக்குத் தெரியாமல் வாரத்துக்கு 5 பவுண்டு கூடுதலாக வாங்கிவந்தார். விஷயம் வெளியே தெரிந்ததும் நம்பிக்கை போச்சு.

எழுதுறவங்க கைக்குப் போன குழு

இங்கதான் கதை மாறுது. மேனேஜர் ஆண்ட்ரூ லூக் ஓல்டம் ஒரு கணக்குப் போட்டார். மற்றவர்களின் பாடலைப் பாடினால், பாடல் உரிமைத் தொகை அந்தப் பாடலை எழுதியவருக்குத்தான் போகும். சொந்தமாக எழுதினால்தான் அந்தப் பணம் வீட்டுக்கு வரும். ஜாகரையும் ரிச்சர்ட்ஸையும் எழுத வைத்தார். 1965-ல் 'சாட்டிஸ்ஃபேக்‌ஷன்' உலகம் முழுக்க ஹிட். 1966-ல் வந்த 'ஆஃப்டர்மேத்' ஆல்பத்தில் எல்லாப் பாடல்களும் இந்த இருவருடையதே.

இசைத்தட்டு விற்பனையில் வரும் பங்கு குழுவில் எல்லோருக்கும் உண்டு. பாடல் எழுதியதற்கான பங்கு எழுதியவர் பெயரில் மட்டும் சேரும். பாட்டில் யார் என்ன வாசித்து மெருகேற்றினாலும் அது எழுத்துக் கணக்கில் வராது. எந்தப் பாட்டைப் பதிவு செய்வது என்ற முடிவும் மெதுவாக எழுதுபவர்கள் கைக்கே போய்விட்டது. பிரையனுக்குப் பாட்டு எழுத வரல. ஆரம்பித்தவர், வாசிப்பவர்களில் ஒருவராகிவிட்டார்.

பாட்டின் முகத்தையே மாற்றிய கருவிகள்

ஆனால் அந்த வாசிப்பு சாதாரணமானதல்ல. 1966-ல் வந்த 'பெயின்ட் இட் பிளாக்' பாட்டில் சிதார் வாசித்தவர் பிரையன். ரவிசங்கரின் சீடர் ஹரிஹர் ராவிடம் அவர் சிதார் கற்றிருந்தார். பிரிட்டன், அமெரிக்கா இரண்டிலும் அந்தப் பாட்டு முதலிடம்.

'அண்டர் மை தம்' பாட்டைத் தூக்கி நிறுத்துவது அவருடைய மரிம்பா, அதாவது மரக்கட்டைகளைத் தட்டி வாசிக்கும் கருவி. 'லேடி ஜேன்' பாட்டில் டல்சிமர் என்ற தந்திக் கருவி. 1967-ல் வந்த 'ரூபி ட்யூஸ்டே' பாட்டில் ரெக்கார்டர் என்ற குழல். இவற்றை எடுத்துவிட்டால் அந்தப் பாடல்களே வேறு மாதிரி ஆகிவிடும். எழுதியவர்கள் பெயரில் மட்டும் பிரையன் இருக்க மாட்டார். பீட்டில்ஸின் ஒரு பாட்டுக்கும் சாக்ஸபோன் வாசித்தார். அது வெளிவந்தது 1970-ல், அவர் இறந்த பிறகு.

1967: எல்லாமே சரிந்த வருஷம்

மதுவும் போதையும் கூடிக்கொண்டே போனது. காதலி அனிதா பாலன்பெர்கை அவர் அடித்துக் கொடுமைப்படுத்தினார். 1967-ல் மொராக்கோ பயணத்தின்போது அனிதா அவரை விட்டு கீத் ரிச்சர்ட்ஸுடன் போய்விட்டார். அதன்பிறகு அதே ரிச்சர்ட்ஸ் பக்கத்தில் நின்றுதான் பிரையன் வாசிக்க வேண்டியிருந்தது.

அந்த மே மாதம் போதைப்பொருள் வழக்கில் கைது. அக்டோபரில் 9 மாத சிறைத் தண்டனை. டிசம்பரில் மேல்முறையீட்டில் அது 1,000 பவுண்டு அபராதமாகவும் நன்னடத்தைக் கண்காணிப்பாகவும் மாறியது. 1968 மே மாதம் மறுபடியும் கைது. இந்த வழக்குகளால் அமெரிக்கப் பயணத்துக்கு விசா கிடைப்பதே சந்தேகமானது. குழுவோ அடுத்த அமெரிக்கச் சுற்றுப்பயணத்துக்குத் தயாராகிக்கொண்டிருந்தது.

பதிவுக்கு வராமல் இருப்பது, வந்தாலும் வாசிக்க முடியாமல் உட்கார்ந்திருப்பது என நாட்கள் போயின. அந்த நிலையிலும் 1968-ல் 'நோ எக்ஸ்பெக்டேஷன்ஸ்' பாட்டுக்கு அவர் வாசித்த ஸ்லைடு கிடார், அவருடைய மிகச் சிறந்த பதிவுகளில் ஒன்று.

கடைசி வீடு

1968 நவம்பரில் சசெக்ஸில் காட்ச்ஃபோர்ட் ஃபார்ம் என்ற பழைய வீட்டை வாங்கினார். வின்னி த பூ கதைகளை எழுதிய ஏ.ஏ. மில்ன் வாழ்ந்த வீடு அது. 1969 ஜூன் 8-ம் தேதி ஜாகர், ரிச்சர்ட்ஸ், வாட்ஸ் மூவரும் அங்கே வந்து, குழுவில் இனி இடமில்லை என்று சொன்னார்கள். இசைக் கருத்து வேறுபாட்டால் தானே விலகுவதாக பிரையன் அறிவித்தார். அவர் இடத்துக்கு 20 வயது மிக் டெய்லர் வந்தார்.

ஜூலை 2-ம் தேதி நள்ளிரவை ஒட்டி, நீச்சல் குளத்தின் அடியில் பிரையன் அசைவில்லாமல் கிடந்தார். மது, போதைப்பொருள் தாக்கத்தில் தண்ணீரில் மூழ்கி நேர்ந்த விபத்து என்பது விசாரணை அதிகாரியின் முடிவு. கல்லீரலும் இதயமும் ஏற்கெனவே வீங்கியிருந்தன.

கொலை என்ற பேச்சு இன்றுவரை ஓயவில்லை. புத்தகங்களும் ஒரு திரைப்படமும்கூட வந்துவிட்டன. 2009-ல் சசெக்ஸ் போலீஸ் பழைய ஆவணங்களை மறுபடி எடுத்துப் பார்த்தது. பழைய முடிவை மாற்றும் அளவுக்குப் புதிய ஆதாரம் இல்லை என்று வழக்கை மீண்டும் திறக்க மறுத்துவிட்டது.

ஹைட் பார்க்கும் இறுதிச் சடங்கும்

இரண்டு நாள் கழித்து, ஜூலை 5-ம் தேதி லண்டன் ஹைட் பார்க்கில் ஏற்கெனவே அறிவித்திருந்த இலவசக் கச்சேரி. லட்சக்கணக்கான கூட்டம். ஜாகர் மேடையில் ஷெல்லியின் கவிதையை வாசிக்க, வெள்ளைப் பட்டாம்பூச்சிகள் பறக்கவிடப்பட்டன. ஜூலை 10-ம் தேதி செல்டன்ஹாமில் அடக்கம் நடந்தபோது குழுவிலிருந்து வந்தவர்கள் வைமனும் வாட்ஸும் மட்டுமே. ஜாகர் சினிமா படப்பிடிப்புக்காக ஆஸ்திரேலியா போயிருந்தார்.

அடுத்த இரண்டே ஆண்டுகளில் ஜிமி ஹென்ட்ரிக்ஸ், ஜானிஸ் ஜோப்ளின், ஜிம் மாரிசன் மூவரும் 27 வயதில் இறந்தார்கள். '27 கிளப்' என்று இப்போது சொல்லும் பட்டியலில் பிரையன் பெயரும் சேர்ந்துவிட்டது.

அவர் தனியாக விட்டுப்போன ஒரு வேலையும் உண்டு. 1968-ல் மொராக்கோவின் ஜஜூக்கா மலைக் கிராமத்துக்குப் போய், அங்கே பரம்பரையாகக் குழல் ஊதுபவர்களின் இசையைப் பதிவு செய்தார். உலக இசை என்று இன்று சொல்லும் வகைக்கு முன்னோடியான பதிவு அது. 1971-ல் ரோலிங் ஸ்டோன்ஸின் சொந்த நிறுவனமே அதை வெளியிட்டது. வேறு எந்த ஸ்டோன்ஸ் ஆல்பத்திலும் கிடைக்காத ஒன்று அதில் அவருக்குக் கிடைத்தது: அட்டையிலேயே அவர் பெயர்.