பூதமாக நடித்த போரிஸ் கார்லாஃப்

ஹாலிவுட் பேய்ப்படங்களின் மன்னர் என்று உலகம் கொண்டாடிய போரிஸ் கார்லாஃப் பிறவியில் ஆங்கிலேயர். இயற்பெயர் வில்லியம் ஹென்றி பிராட். 1887 நவம்பர் 23-ந் தேதி லண்டனில் பிறந்தார். தகப்பனார் இந்தியாவில் உப்பு இலாகா அதிகாரியாக இருந்தவர். தாய்வழிப் பாட்டியின் தங்கைதான் சயாம் அரண்மனையில் ஆசிரியையாக இருந்து புகழ் பெற்ற அன்னா லியோனோவென்ஸ். அந்த அம்மாள் பிறந்த ஊர், மராட்டிய மாநிலத்து அகமத்நகர்! (2024-ல் அந்த ஊரின் பெயர் அகில்யாநகர் என்று மாற்றப்பட்டது.)

மகனை வெளிநாட்டுத் தூதரக உத்தியோகத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது குடும்பத்தாரின் ஆசை. பையனுக்கோ நாடகப் பித்து. 1909-ல் கனடாவுக்குக் கப்பலேறிப் பெயரையும் மாற்றிக்கொண்டார். நாடகம் இல்லாத நாட்களில் கூலி வேலை. ஹாலிவுட்டுக்கு வந்தும் நல்ல வேடம் கிடைக்காமல் லாரி ஓட்டினார்.

1931-ல் வெளிவந்த ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ அவர் தலையெழுத்தை மாற்றியது. பூத வேடம் போட தினமும் சுமார் 4 மணி நேரம் பிடித்தது. படத்தின் தொடக்கத்தில் பூதமாக நடித்தவர் பெயருக்குப் பதில் கேள்விக்குறிதான் காட்டப்பட்டது. பேசாத அந்தப் பூதத்துக்காக ரசிகர்கள் பரிதாபப்பட்டார்கள் என்றால், அது அவர் கண்களின் திறமை. புகழ் வந்தபோது வயது 44.

எழுபது வயதில் ஒரு சறுக்கல் காத்திருந்தது. வாரம் ஒரு அமானுஷ்யக் கதை சொல்லும் டெலிவிஷன் தொடர் தயாரிக்க ஹால் ரோச் ஸ்டூடியோ முன்வந்தது. லாரல்-ஹார்டி சிரிப்புப் படங்களை எடுத்த அதே ஸ்டூடியோதான். 1958-ல் வேறொரு தொடரின் ஒரு வாரக் கதையாக, ‘தி வெஸ்ட்ரிஸ்’ என்ற கப்பல் கதை வெள்ளோட்டம் விடப்பட்டது. அடுத்து, முகத்திரை என்று பொருள்படும் ‘தி வெய்ல்’ என்ற தலைப்பில் பத்துக் கதைகள் படமாயின. கணப்பு அடுப்பருகே நின்று முன்னுரை சொன்னதோடு, ஏறக்குறைய எல்லாக் கதைகளிலும் கார்லாஃப் வேடமும் ஏற்றார். இந்தியாவில் நடக்கும் மறுபிறவிக் கதையும் அவற்றில் ஒன்று.

ஆனால் ஸ்டூடியோ பண நெருக்கடியில் சிக்கியது. தொடர் ஒளிபரப்பாகவே இல்லை. கிழவரின் உழைப்பு பெட்டிக்குள் முடங்கியது.

இரண்டே ஆண்டுகளில் அவர் மீண்டு வந்தார். 1960-ல் தொடங்கிய ‘த்ரில்லர்’ தொடரிலும் கதைகளை அறிமுகம் செய்யும் அதே வேலைதான். இம்முறை 1962 வரை 67 வாரக் கதைகள் ஒளிபரப்பாயின. அவற்றில் ஐந்தில் மட்டுமே நடித்தார். இதுதான் வெற்றி பெற்ற தொடர் என்றாலும், அவர் நடிப்பைப் பார்க்க விரும்புகிறவர்களுக்குத் தோற்றுப்போன தொடரில்தான் விருந்து அதிகம்.

மூச்சுத் திணறல் வாட்டிய கடைசி நாட்களிலும் ஆக்சிஜன் உதவியோடு நடித்தார். 1969 பிப்ரவரி 2-ந் தேதி இங்கிலாந்தில் காலமானார். முடங்கிய ‘தி வெய்ல்’ கதைகள் பல ஆண்டுகள் கழித்து வீடியோவாக வெளிவந்து ரசிகர்கள் கைக்குக் கிடைத்தன.