கொள்ளைநோய் மதுரையில் இப்னு பதூதா

பேய்க்கதை எழுதுவோர் தேடித் தேடிச் சேர்க்கும் பொருள்கள் பல உண்டு: கழுமரம், வைக்கோல் திணித்துத் தொங்கவிட்ட மன்னனின் தோல், யோகியின் மருந்துண்டு நலிந்த அரசன், வாங்கிய மறுநாளே இறந்துபோன அடிமைப்பெண். பதினான்காம் நூற்றாண்டின் மதுரையில் இவை அனைத்தையும் ஒருவர் தம் கண்ணால் கண்டார். அவர் கதாசிரியர் அல்லர். சமயச் சட்டம் பயின்ற காஜி. கற்பனை எங்கே முடிகிறது, காட்சி எங்கே தொடங்குகிறது என்று ஆராயும் கவிஞர்களுக்கு இப்னு பதூதாவின் வாழ்க்கையைவிடச் சுவையான பாடம் கிடைப்பது அரிது.

மொராக்கோவின் வடமுனையிலுள்ள தாஞ்சியர் நகரில் 1304 பிப்ரவரியில் அவர் பிறந்தார். பெர்பர் இனத்து லவாத்தா குலத்தில் நீதிபதிகளைத் தந்த குடும்பம். 1325 ஜூனில், இருபத்தொரு வயதில், பெற்றோர் இருவரையும் உயிருடன் விட்டுவிட்டு, துணையின்றி மக்காவுக்குப் புறப்பட்டார். புனிதப் பயணம் என்று தொடங்கியது இருபத்துநான்கு ஆண்டுகள் நீண்டது. எகிப்து, சிரியா, பாரசீகம், ஏமன், கிழக்காப்பிரிக்கக் கரை, அனத்தோலியா எனச் சுற்றி 1333இல் சிந்து நதியை அடைந்தார்.

தில்லியில் முகம்மது பின் துக்ளக் அவரைக் காஜியாக்கினார். ஆண்டூதியம் 12,000 தீனார். அரண்மனை வாயிலில் பரிசு பெற்றுச் செல்வோரும் கிடப்பர், தலையிழந்து கிடப்போரும் கிடப்பர் என்ற அளவில் அந்த ஆட்சியை அவர் வருணித்திருக்கிறார். அந்த நாள்களில் அவர் கேட்டதும் கண்டதுமான அதிசயங்கள் தனி வகை. பார்வையாலேயே மனித இதயத்தைத் தின்னும் சூனியக்காரிகள், அவர்களைச் சோதிக்க உடலில் நீர்க்குடங்களைக் கட்டி ஆற்றில் எறியும் முறை, தரையிலிருந்து எழும்பி அந்தரத்தில் நின்ற யோகி என்று பல. யோகியைக் கண்டு தாம் மயங்கி விழுந்ததாகவும் சுல்தான் மருந்து கொடுத்துத் தேற்றியதாகவும் வெட்கமின்றிச் சொல்கிறார். மாலத்தீவில் கடலிலிருந்து வந்து மாதந்தோறும் கன்னியைப் பலிகேட்ட பூதத்தின் கதையையும் அவரே நமக்குத் தந்தார். ஐயப்படும் இயல்பு அவரிடம் அதிகம் இல்லை. இதனை நினைவில் வைத்துக்கொண்டே மதுரைப் பகுதிக்கு வரவேண்டும்.

சீனத்துக்குத் தூதராக அனுப்பப்பட்டவரின் கப்பல்கள் கள்ளிக்கோட்டையில் புயலுக்கு இரையாயின. மாலத்தீவில் சில காலம் நீதிபதியாயிருந்து, இலங்கையில் ஆரியச் சக்கரவர்த்தியின் விருந்தினராகத் தங்கிப் பாவா ஆதம் மலை ஏறி, 1344இல் தமிழகக் கரை நோக்கிக் கப்பலேறினார். அக்கப்பலும் கரைக்கருகே சிதைந்தது. மீண்டவரை மதுரைச் சுல்தான் கியாசுத்தீன் தாமகானி ஆள்விட்டு அழைத்துக்கொண்டதற்குக் காரணம் உறவு. 1335 அளவில் தில்லியினின்று பிரிந்து மதுரையில் தனியரசு நிறுவிய ஜலாலுத்தீன் அசன்ஷாவின் மகள் ஒருத்தியை இப்னு பதூதா தில்லியில் மணந்திருந்தார். இன்னொருத்தி கியாசுத்தீனின் மனைவி. நம் வழக்கில் சொன்னால் இருவரும் சகலைகள்.

சகலையின் பாசறை எப்படி இருந்தது? காடு வெட்டி வழியமைத்துப் படை செல்லும். பிடிபட்டவர்களின் தோளிலேயே கூர்தீட்டிய மரங்களை ஏற்றிப் பாசறைவரை நடத்துவர். மறுநாள் காலையில் அதே மரங்களில் அவர்கள் கழுவேற்றப்படுவர். பெண்களும் குழந்தைகளும் தப்புவதில்லை. ஒருநாள் சுல்தானின் ஒருபுறம் காஜியும் மறுபுறம் தாமுமாக உணவருந்திக்கொண்டிருக்கையில், ஒருவனும் அவன் மனைவியும் ஏழு வயது மகனும் கொண்டுவரப்பட்டனர். வெட்ட ஆணை பிறந்தது. இப்னு பதூதா முகத்தைத் திருப்பிக்கொண்டார். எழுந்தபோது தலைகள் தரையில் கிடந்தன. இத்தகைய இழிசெயலை வேறெந்த மன்னரிடமும் தாம் கண்டதில்லை என்றும், இதனாலேயே இறைவன் அவன் முடிவை விரைவுபடுத்தினான் என்றும் அவர் கருதினார். தம் மதத்தவன், தம் உறவினன், தமக்குச் சோறிட்டவன் என்ற எதுவும் அந்தத் தீர்ப்பை மாற்றவில்லை. காஜி காஜியாகவே இருந்த இடம் இது.

போசள மன்னர் மூன்றாம் வல்லாளர் எண்பது வயது கடந்தவர். சற்று முன்னர்தான் கியாசுத்தீனிடம் பிடிபட்டுக் கொல்லப்பட்டிருந்தார். தோலுரித்து வைக்கோல் திணித்து மதுரை மதிலில் தொங்கவிட்டிருந்ததை இப்னு பதூதா கண்டார். இதற்கு ஒரே ஒரு வாக்கியம்தான் ஒதுக்குகிறார்.

பட்டினத்தில் தங்கியிருந்த நாள்களில் யோகி ஒருவன் சுல்தானுக்கு வீரிய மாத்திரைகள் செய்து கொடுத்தான். அவற்றில் இரும்புத்தூள் கலந்திருந்தது. அளவுக்கு மீறி விழுங்கிய சுல்தான் நோயுற்ற உடம்போடு மதுரை திரும்பினார். பின்தொடர்ந்து வந்த இப்னு பதூதா கண்டது கொள்ளைநோய் பிடித்த நகரம். நோய் கண்டவர் இரண்டாம் நாள் அல்லது மூன்றாம் நாள் மடிந்தனர். மிஞ்சினால் நான்காம் நாள். வெளியே போனால் நோயாளி, இல்லையேல் பிணம். நல்ல உடல்நலத்தோடு இருப்பவள் என்று வாங்கிய அடிமைப்பெண் மறுநாள் இறந்தாள். அசன்ஷாவின் அமைச்சர்களில் ஒருவனுடைய மனைவி எட்டு வயது மகனோடு வந்து வறுமையைச் சொல்லி உதவி பெற்றுப் போனாள்; இருவரும் நலமாகவே இருந்தனர். மறுநாள் அதே பெண் மகனுக்குப் பிணத்துணி கேட்டு வந்து நின்றாள். சுல்தானின் பேரவையில், நெல் குத்தக் கொண்டுவரப்பட்ட பெண்கள் நூற்றுக்கணக்கில் நோயுற்று வெயிலில் கிடந்தனர்.

சுல்தான் நகரைவிட்டு ஆற்றங்கரைக் கோயிலொன்றின் பக்கம் பாசறை மாற்றினார். ஒரு வியாழனன்று ஒரே மகன் இறந்தான். அடுத்த வியாழன் தாய். மூன்றாம் வியாழன் சுல்தான். மூன்று வியாழன்களை வரிசைப்படுத்தும் இந்தக் கணக்கு அச்சக்கதையின் உத்திபோலத் தோன்றலாம். சொல்பவரோ நாள்குறிப்புப்போலச் சொல்லிச் செல்கிறார். வாரிசாக வந்த நசீருத்தீன், இரங்கற்பா பாடியவர்களுக்குப் பொன் வழங்கினார். இப்னு பதூதாவுக்கும் 300 தீனாரும் ஆடையும் கிடைத்தன. ஊர் செத்துக்கொண்டிருக்கையிலும் பாட்டுக்குப் பரிசில் இருந்தது என்பதை நம் மன்றத்துக் கவிஞர்கள் கவனிக்கலாம்.

பிறகு அவரையும் காய்ச்சல் பற்றியது. சாவு உறுதி என்று எண்ணியவருக்குப் புளி நினைவுக்கு வந்தது. ஏறத்தாழ ஒரு ராத்தல் புளியை நீரில் கரைத்துக் குடித்தார். மூன்று நாள் வயிற்றுப்போக்குக்குப் பின் பிழைத்தார். ராத்தல் என்ற சொல்லே அவர் மொழியிலிருந்து நமக்கு வந்தது. இந்தியப் பேரீச்சை என்ற பொருளில் அரபியர் புளிக்கு இட்ட பெயரே மேலைநாட்டு மொழிகளுக்குப் போயிற்று. புளியமரத்தில் பேயை ஏற்றிவைக்கும் நம் மரபை அவர் அறிந்திலர் போலும்.

மதுரையில் கண்ட நோய் எது? நெறிக்கட்டிகளைப் பற்றி அவர் அங்கே எதுவும் சொல்லவில்லை. வாந்திபேதியாக இருக்கலாம் என்போர் உண்டு. சூனியக்காரியையும் பூதத்தையும் நம்பியவர், மதுரைச் சாவுகளுக்கு மட்டும் எந்தப் பேயையும் காரணமாக அழைக்கவில்லை என்பதே எனக்கு வியப்பாக உள்ளது.

அதே நகரைக் கவிதையாக்கியவர் கங்கதேவி, விசயநகர இளவரசர் குமாரகம்பணரின் தேவியார். 1916இல் திருவனந்தபுரத்தில் கண்டெடுக்கப்பட்ட அவருடைய மதுராவிசயத்தில், தெய்வப்பெண் ஒருத்தி தோன்றி மதுரையின் அழிவைச் சொல்லிக் கம்பணருக்கு வாள் தருகிறாள். தென்னைகள் நின்ற இடத்தில் மண்டையோடு மாட்டிய கழுக்களை அங்கே காண்கிறோம். வெற்றிகொண்டவரின் மனைவி பாடியது. மிகை இருக்கவே செய்யும். ஆயினும் கழுமரம் கற்பனையன்று என்பதற்குத் தாஞ்சியர் காஜியின் சாட்சி இருக்கிறது. அந்நூற்றாண்டின் அச்சத்துக்கு நம் அழகர்கோவிலும் ஒதுங்கிடமானது. 1323இல் திருவரங்கத்தினின்று வெளியேறிய அழகிய மணவாளர் திருமேனி, பிள்ளை லோகாசாரியர் மறைந்தபின் திருமாலிருஞ்சோலையில் சில காலம் தங்கியதாகக் கோயிலொழுகு கூறும். அது திருவரங்கம் மீண்டது 1371இல்.

மதுரையை வெறுத்துப் புறப்பட்ட இப்னு பதூதாவை மேலைக்கடலில் கொள்ளையர் மறித்தனர். இலங்கையில் பெற்ற மணிகளும் வழிப்பயணக் குறிப்புகளும் போயின. ஆகவே நாம் படிக்கும் மதுரை, குறிப்பேடின்றி நினைவிலிருந்து மீண்ட மதுரை. வங்காளம், சுமத்திரா, சீனம் என்று அவர் சொல்லும் பயணங்களுக்குப் பின் 1348இல் திமிஷ்கு சேர்ந்தபோது, தந்தை இறந்து பதினைந்து ஆண்டுகள் ஆகிவிட்டதை அறிந்தார். அவ்வாண்டே பெருங்கொள்ளைநோய் சிரியாவில் புகுந்தது. திமிஷ்கில் ஒரே நாளில் 2,400 பேர் இறந்ததாகவும், முஸ்லிம்களும் யூதர்களும் கிறித்தவர்களும் தத்தம் வேதநூல்களோடு ஒன்றாய் ஊர்வலம் போனதாகவும் பதிவு செய்தார். 1349இல் மொராக்கோவை அடைந்து தாஞ்சியரை நெருங்கிய வழியில் செய்தி வந்தது: தாய் அந்த நோயில் இறந்துவிட்டார். மதுரையில் பிணத்துணி கேட்டு வந்த பெண்ணை அவர் மறக்காததற்கு இதுவும் காரணமாயிருக்குமோ என்று எண்ணத் தோன்றுகிறது.

அந்தலூசியாவையும் மாலி நாட்டையும் பார்த்துவந்த பின், மொராக்கோச் சுல்தான் அபூ இனானின் ஆணைப்படி, பேஸ் நகரில் அவர் சொல்லச் சொல்ல இப்னு சுசய் என்ற கவிஞர் எழுதினார். 1355 திசம்பரில் நூல் முடிந்தது. அரசவையில் பலர் அவரைப் பொய்யர் என்றனர். வரலாற்றறிஞர் இப்னு கல்தூனும் அந்த ஐயத்தைத் தம் அமைச்சர் நண்பரிடம் சொன்னார். அமைச்சர் ஒரு கதையால் விடை தந்தார்: சிறையிலேயே வளர்ந்த சிறுவன், தந்தை ஆட்டைப் பற்றி எவ்வளவு விளக்கியும், எலியைத் தவிர வேறு விலங்கை அறியாததால் அதுவும் எலிவகை என்றே நம்பினானாம்.

இப்னு பதூதா பின்னர் எங்கும் செல்லவில்லை. மொராக்கோ நகரொன்றில் காஜியாக வழக்குகள் கேட்டிருந்து, 1368 அல்லது 1369இல் காலமானார்.