டக் நிக்கோல்ஸ் யார்? தொட மறுத்த டிரஸ்ஸிங் ரூமில் இருந்து ஆளுநர் மாளிகை வரை... ஒரு ஃபுட்பால் வீரரின் கதை!

1927-ம் ஆண்டு. மெல்போர்னின் பெரிய ஃபுட்பால் கிளப்களில் ஒன்றான கார்ல்டனில் இடம் கிடைக்கும் என்ற நம்பிக்கையோடு 20 வயது இளைஞர் ஒருவர் வந்து சேர்ந்தார். பயிற்சி முடிந்ததும் வீரர்களின் கால் தசைகளைப் பிடித்துவிடுவது வழக்கம். ஆனா இவரது முறை வந்தபோது, தொடவே மாட்டேன் என்று மறுத்துவிட்டார் மசாஜ் செய்பவர். காரணம், தோலின் நிறம். கூட இருந்த வீரர்களும் இவர் மீது வாடை வீசுவதாகப் புகார் சொன்னார்கள். இளைஞர் அங்கிருந்து கிளம்பிவிட்டார்.

49 ஆண்டுகள் கழித்து, அதே இளைஞர் தெற்கு ஆஸ்திரேலிய மாநிலத்தின் ஆளுநராகப் பதவியேற்றார். அவர்தான் சர் டக் நிக்கோல்ஸ். நடுவில் என்ன நடந்தது? பார்க்கலாம்.

அது என்ன ஃபுட்பால்?

முதலில் ஒரு விஷயம். இது மெஸ்ஸி, ரொனால்டோ ஆடும் ஃபுட்பால் இல்லை. ஆஸ்திரேலியாவுக்கே உரிய ஆட்டம். மைதானமும் நீள்வட்டம், பந்தும் நீள்வட்டம். ஒரு அணிக்கு 18 பேர். பந்தைக் காலால் உதைக்கலாம், கையால் பிடிக்கலாம், முஷ்டியால் குத்தி அடுத்தவருக்குத் தரலாம். ஆனா வீசக் கூடாது. நடுவில் இருக்கும் இரண்டு உயரமான கம்பங்களுக்கு இடையே உதைத்தால் 6 புள்ளிகள்.

எதிராளி மேல் ஏறிக் குதித்துப் பந்தைப் பிடிக்கும் ஆட்டம் என்பதால், உயரமான ஆட்களுக்கு மவுசு அதிகம். நிக்கோல்ஸின் உயரம் எவ்வளவு தெரியுமா? வெறும் 5 அடி 2 அங்குலம்!

ஆற்றங்கரைக் குடியிருப்பு

1906 டிசம்பர் 9 அன்று, நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் மர்ரே ஆற்றின் கரையில் உள்ள கம்மராகுஞ்சா என்ற பூர்வகுடி குடியிருப்பில் பிறந்தார் நிக்கோல்ஸ். யோர்ட்டா யோர்ட்டா இனத்தைச் சேர்ந்தவர். அரசு நியமித்த மேலாளர் வைத்ததுதான் அங்கே சட்டம்.

இந்த ஊருக்கு ஒரு இந்தியத் தொடர்பும் இருக்கு. மொரீசியஸில் பிறந்த இந்திய வம்சாவளி ஆசிரியர் தாமஸ் ஷாட்ராக் ஜேம்ஸ், இங்கே பல ஆண்டுகள் பாடம் நடத்தினார். பூர்வகுடி உரிமைப் போராட்டத்தின் முன்னோடியான வில்லியம் கூப்பர் அவரிடம் படித்தவர். அந்த கூப்பர், நிக்கோல்ஸுக்கு உறவினர்.

நிக்கோல்ஸுக்கு 8 வயது இருக்கும்போது, அவர் கண் முன்னாலேயே 16 வயது அக்காவை போலீஸார் இழுத்துச் சென்றார்கள். பூர்வகுடி பெண் பிள்ளைகளைக் குடும்பத்திடம் இருந்து பிரித்து, வீட்டு வேலைக்குப் பழக்கும் அரசு விடுதியில் சேர்ப்பது அன்றைய நடைமுறை. அந்தக் காட்சி அவர் மனசை விட்டுப் போகவே இல்லை.

பதின்ம வயதிலேயே படிப்பு நின்றது. செம்மறி ஆட்டுப் பண்ணைகளில் கூலி வேலை. ரோமம் கத்தரிக்கும்போது ஆடுகளுக்கு ஏற்படும் காயங்களில் தார் பூசும் வேலையும் பார்த்தார். ஓய்வு நேரத்தில் கையில் இருந்தது பந்து.

கார்ல்டன் விட்டது... நார்த்கோட் பிடித்தது

கார்ல்டனில் நடந்ததற்குப் பிறகு ஊருக்கே திரும்பியிருக்கலாம். அவர் திரும்பவில்லை. அடுத்த நிலைப் போட்டிகளில் ஆடிய நார்த்கோட் கிளப்பில் சேர்ந்தார். மைதானத்தின் ஓரமாகப் பறக்கும் 'விங்' ஆட்டக்காரர். உயரம் இல்லாத குறையை வேகம் ஈடுகட்டியது. 1929-ல் நார்த்கோட் கோப்பையை வென்றபோது, அந்த அணியில் நிக்கோல்ஸும் இருந்தார்.

ஃபுட்பால் வருமானம் மட்டும் போதாத காலம் அது. அதனால் பரிசுப் பணம் கிடைக்கும் ஓட்டப்பந்தயங்களிலும் ஓடினார். 1929-ல் மட்டும் நையா, வாரக்னபீல் என்ற இரண்டு ஊர்களின் பந்தயங்களில் ஜெயித்தார். ஊர் ஊராகக் கூடாரம் அடித்துக் குத்துச்சண்டை நடத்தும் குழுவில் சேர்ந்தும் சண்டை போட்டார்.

பக்கத்தில் வந்து உட்கார்ந்த நட்சத்திரம்

1932-ல் பெரிய லீக்கின் கதவு மறுபடி திறந்தது. இந்த முறை ஃபிட்ஸ்ராய் கிளப். ஆனா டிரஸ்ஸிங் ரூமுக்குள் நுழைந்ததும் பழைய நினைப்பு வந்திருக்கும் போல. யாருக்கும் தொந்தரவு வேண்டாம் என்று ஒரு மூலையில் தனியாகப் போய் உட்கார்ந்தார்.

அப்போது ஒருவர் எழுந்து வந்து, தன்னை அறிமுகம் செய்துகொண்டு அவர் பக்கத்திலேயே உட்கார்ந்தார். அவர் ஹேடன் பன்டன். லீக்கின் சிறந்த வீரருக்கான பிரவுன்லோ பதக்கத்தை மூன்று முறை வென்ற, அன்றைய சூப்பர் ஸ்டார். அதன் பிறகு டிரஸ்ஸிங் ரூமில் நிக்கோல்ஸ் தனி ஆள் இல்லை.

1937 வரை ஃபிட்ஸ்ராய்க்காக 54 ஆட்டங்கள் ஆடினார். 1935-ல் விக்டோரியா மாநில அணிக்குத் தேர்வானார். அந்த அணியில் இடம்பிடித்த முதல் பூர்வகுடி வீரர் அவர்தான். அதன்பின் மீண்டும் நார்த்கோட் பக்கம் போனார். முழங்கால் காயம் ஆட்ட வாழ்க்கையை முடித்துவைத்தது.

பொதுவா ஒரு விளையாட்டு வீரரின் கதை இங்கேதான் முடியும். நிக்கோல்ஸுக்கு இங்கேதான் தொடங்குது.

பந்துக்குப் பிறகு...

1938 ஜனவரி 26. ஆங்கிலேயர்கள் வந்து இறங்கிய 150-ம் ஆண்டை நாடே கொண்டாடியது. அதே நாளில் சிட்னியில் கூடிய பூர்வகுடி மக்கள், அதைத் துக்க நாளாக அறிவித்தார்கள். அந்தக் கூட்டத்தில் பேசியவர்களில் நிக்கோல்ஸும் ஒருவர். அடுத்த ஆண்டு, மேலாளரின் கெடுபிடி தாங்காமல் கம்மராகுஞ்சாவில் இருந்து 150-க்கும் மேற்பட்டோர் ஆற்றைக் கடந்து வெளியேறினார்கள். அப்படி ஊரைவிட்டு வந்தவர்களில் பலர் பிற்பாடு மெல்போர்னின் ஃபிட்ஸ்ராய் பகுதியில் குடியேறினார்கள்.

இரண்டாம் உலகப்போரின்போது ராணுவத்தில் சேர்ந்த நிக்கோல்ஸை, போலீஸாரே கேட்டு விடுவிக்க வைத்தார்கள். காரணம், ஃபிட்ஸ்ராயில் வறுமையிலும் குடியிலும் சிக்கிய மக்களிடம் பேச, அவர்கள் நம்பும் ஒரு ஆள் தேவைப்பட்டார். ஒருகாலத்தில் அக்காவை இழுத்துப் போனதும் போலீஸார்தான்! அங்கே சிறு தேவாலயம் ஒன்றின் போதகரானார். 1942-ல், விபத்தில் இறந்த அண்ணனின் மனைவி கிளாடிஸைத் திருமணம் செய்துகொண்டு, அவரது பிள்ளைகளையும் வளர்த்தார். வேலை தேடி நகரத்துக்கு வந்த பூர்வகுடி இளம்பெண்களுக்காக விடுதி நடத்தியதில் கிளாடிஸின் பங்கு பெரிது.

1957-ல் மேற்கு ஆஸ்திரேலியாவின் வார்பர்ட்டன் மலைப்பகுதிக்குப் போனார் நிக்கோல்ஸ். பட்டினியிலும் நோயிலும் வாடிய மக்களை அந்தப் பயணக் குழு படம் பிடித்தது. ஊர் ஊராகத் திரையிடப்பட்ட அந்தப் படம், நகரவாசிகளை உலுக்கியது. அதே ஆண்டு உருவான பூர்வகுடி முன்னேற்ற லீக்கின் களப்பணியாளராக நாடு முழுக்கச் சுற்றினார்.

1967 வாக்கெடுப்பு என்ன செய்தது?

மக்கள்தொகைக் கணக்கில் பூர்வகுடியினரைச் சேர்க்கக் கூடாது என்றது ஆஸ்திரேலிய அரசியலமைப்பு. அவர்களுக்காக மத்திய அரசு தனிச் சட்டம் இயற்றவும் முடியாது. இந்த இரண்டையும் மாற்ற, 1967 மே 27 அன்று வாக்கெடுப்பு நடந்தது. அதற்காகப் பிரசாரம் செய்த முன்னணி முகங்களில் நிக்கோல்ஸும் ஒருவர். 90 சதவீதத்துக்கும் மேல் ஆதரவு!

இந்த வாக்கெடுப்பில்தான் ஓட்டுரிமை கிடைத்தது என்று பலர் நினைப்பதுண்டு. அது சரியில்லை. தேசியத் தேர்தலில் ஓட்டுரிமை 1962-லேயே கிடைத்துவிட்டது.

எல்லோரும் பாராட்டினார்களா?

இல்லை. 1960-களின் கடைசியில் வந்த இளம் போராளிகளுக்கு நிக்கோல்ஸின் மென்மையான அணுகுமுறை பிடிக்கவில்லை. வெள்ளையர்களோடு சேர்ந்து, பேசிப் பேசியே மாற்றலாம் என்பது அவர் நம்பிக்கை. எங்கள் அமைப்பை நாங்களே நடத்துவோம் என்பது இளைஞர்களின் வாதம். தான் வளர்த்த லீக்கிலேயே அவர் ஒதுங்க வேண்டி வந்தது. இந்தக் கேள்விக்கு இன்னும் ஒரே பதில் இல்லை.

சர்... ஆளுநர்... அப்புறம்?

1972-ல் 'சர்' பட்டம். அதைப் பெற்ற முதல் பூர்வகுடி மனிதர். 1976 டிசம்பர் 1-ல் தெற்கு ஆஸ்திரேலிய ஆளுநர். ஒரு மாநிலத்துக்கு ஆளுநரான முதல் பூர்வகுடி மனிதரும் அவரே. ஆனா சில வாரங்களிலேயே பக்கவாதம் தாக்கியது. 1977 ஏப்ரல் 30-ல் பதவி விலகினார். 5 மாதம்தான்.

1988 ஜூன் 4 அன்று காலமானார். அரசு மரியாதையோடு இறுதிச்சடங்கு. உடல் புதைக்கப்பட்டது தலைநகரில் இல்லை, அக்காவை இழுத்துப் போன அதே கம்மராகுஞ்சா மண்ணில்.

இன்று ஏ.எஃப்.எல். லீக்கில் 2016 முதல் ஆண்டுதோறும் 'சர் டக் நிக்கோல்ஸ் சுற்று' நடக்கிறது. பூர்வகுடி ஓவியங்கள் வரைந்த ஜெர்சியோடு எல்லா கிளப்களும் களமிறங்கும். கார்ல்டனும்தான்!