மெஷினுக்குள் மெஷினைக் கண்டவர்

போன செமஸ்டர் லேபில் நான் செய்த ஒரு கூத்திலிருந்து ஆரம்பிக்கிறேன். ஒரு கம்ப்யூட்டருக்குள் இன்னொரு கம்ப்யூட்டரை, அதாவது விர்ச்சுவல் மெஷினை, ஓட்டிக் காட்ட வேண்டும். டிஸ்கில் இடம் பத்தவில்லை என்று முந்தின நாள்தான் டி.எல்.எல். என்று முடியும் சில ஃபைல்களை வேண்டாதவை என நினைத்து அழித்திருந்தேன். உள்ளே இருந்த மெஷின் எழும்பவே இல்லை! சாரிடம் நல்ல ஏச்சு. அவை லைப்ரரி ஃபைல்களாம். பல புரோகிராம்களுக்கும் பொதுவான வேலையை ஒரே இடத்தில் செய்து கொடுப்பவை. எங்க அப்பா துறைமுகத்தில் கப்பலுக்குக் கயிறு கட்டுகிறவர். கப்பல் எல்லார் கண்ணுக்கும் தெரியும், கயிறு கட்டுகிறவரை யார் பார்க்கிறார்கள்? அந்த ஃபைல்களும் அப்படித்தான்.

இதையெல்லாம் முதலில் யோசித்தது யார் என்று தேடியபோது ஆலன் டூரிங் அகப்பட்டார்.

அவருக்கும் நம்ம தமிழ்நாட்டுக்கும் தொடர்பு உண்டு. அம்மா எதெல் சாரா பிறந்தது 1881-ல், கோயம்புத்தூர் பக்கம் போத்தனூரில். அம்மாவைப் பெற்ற தாத்தா மதராஸ் ரயில்வேயில் எஞ்சினியர். அப்பா ஜூலியஸ் டூரிங் தமிழ் படித்துவிட்டு 1896-ல் மதராஸ் மாகாணத்துக்கு வேலைக்கு வந்த ஐ.சி.எஸ். அதிகாரி. அண்ணன் ஜான் குன்னூரில் பிறந்தார். ஆலன் பிறந்தது மட்டும் லண்டனில், 1912 ஜூன் 23-ல். அப்பா இங்கே வேலை பார்க்க, பிள்ளைகள் இங்கிலாந்தில் யாரோ ஒருவர் வீட்டில் வளர்ந்தார்கள். வளைகுடாவில் இருக்கும் அப்பாவை லீவுக்கு லீவு பார்க்கிற நம் தோழர்களுக்கு அது எப்படியிருக்கும் என்று தெரியும்.

1936-ல், 24 வயது நிரம்பும் முன்பே, கேம்பிரிட்ஜிலிருந்து ஒரு கட்டுரை எழுதினார். கூட்ட ஒரு மெஷின், பெருக்க ஒரு மெஷின் என்று தனித்தனியாக வேண்டாம். எந்த மெஷினாக இருந்தாலும் அது எப்படி நடந்துகொள்ளும் என்பதை நாடாவில் எழுதிவிடலாம். அதைப் படித்து அப்படியே நடந்துகாட்ட ஒரே ஒரு பொது மெஷின் போதும். மெஷினே எழுத்தாகிவிட்டது! (இது எனக்குப் பிடிபட மூன்று நாள் ஆச்சு.) இன்றைய கம்ப்யூட்டர் என்று ஒன்று உலகத்தில் இல்லாத காலம் அது. எங்க லேபில் உள்ளே ஓடுகிற மெஷினும் வெளி மெஷினுக்கு வெறும் ஃபைல்தான்.

1939 செப்டம்பர் 4, பிரிட்டன் யுத்தத்தில் இறங்கிய மறுநாள், பிளெட்ச்லி பார்க்கில் ரகசிய வேலைக்குச் சேர்ந்தார். அட்லாண்டிக்கில் சரக்குக் கப்பல்களை ஜெர்மன் நீர்மூழ்கிகள் மூழ்கடித்துக்கொண்டிருந்தன. அவற்றுக்கான உத்தரவுகள் எனிக்மா என்ற மெஷினின் சங்கேதத்தில் போகும். போலந்துக் கணித அறிஞர்கள் அதில் ஏற்கெனவே வழி கண்டிருந்தார்கள். ஆனால் கடற்படையின் சங்கேதம் உடையாது என்றே பலரும் நினைத்தார்கள். அதை டூரிங் எடுத்துக்கொண்டார். எனிக்மாவில் ஒரு ஓட்டை: எந்த எழுத்தும் அதே எழுத்தாக வெளியே வராது. வானிலை மாதிரி செய்தியில் கட்டாயம் வரும் என்று ஊகித்த வார்த்தையைச் சங்கேதத்தின் கீழே வைத்து நகர்த்திப் பார்ப்பார்கள். மேலும் கீழும் ஒரே எழுத்து வந்தால் அந்த இடம் தப்பு. மிஞ்சியதைச் சோதிக்க அவர் வடிவமைத்த மெஷின்தான் பாம்ப்.

யுத்தம் முடிந்ததும் ஏ.சி.இ. என்ற கம்ப்யூட்டருக்குத் திட்டம் எழுதினார். அடிக்கடி தேவைப்படும் சின்ன வேலைகளை ஒரு தடவை எழுதி வைத்துக்கொண்டு, வேண்டும்போது கூப்பிடலாம் என்பது அதில் இருக்கிறது. கூப்பிட்ட வேலை முடிந்ததும் எங்கே திரும்புவது? திரும்ப வேண்டிய இடத்தைப் புதைத்து வைத்து, பிறகு தோண்டி எடுப்பது! அந்தக் கட்டளைகளுக்கு அவர் வைத்த பெயரே பரி, அன்பரி. நான் அழித்த ஃபைல்களின் பூட்டனார் இவைதான்.

ஆனால் மெஷின் ஒரு ஃபைல் என்றால், அதைக் காப்பியடித்துக்கொண்டு போய்விடலாமே? அதற்காகத்தான் பாதுகாப்பான விர்ச்சுவல் மெஷின்கள் வந்தன. விண்டோஸ் சர்வர் 2016-ல் உள்ள முறையில் உள் மெஷினின் டிஸ்க் முழுவதும் சங்கேதமாக இருக்கும். வெளி மெஷின் யோக்கியமானதா என்று தனி சர்வர் சோதித்துச் சரி என்றால்தான் சாவி கிடைக்கும். நம்ம துறைமுகத்தில் சீல் வைத்த கன்டெய்னர் போல. கப்பல் சுமக்கும், திறந்து பார்க்காது.

டூரிங்குக்கு அந்த சீல் கிடைக்கவில்லை. 1952-ல் வீட்டில் திருட்டு நடந்ததாகப் போலீசில் சொல்லப் போனார். விசாரணையில் அவருக்கு இன்னொரு ஆணோடு உறவு இருப்பது தெரிந்து அவர் மீதே வழக்கு வந்தது. ஜெயிலுக்குப் பதிலாக ஒரு வருஷம் ஹார்மோன் மருந்து. ரகசிய வேலைக்கான அனுமதியும் போச்சு. 1954 ஜூன் 7-ல் சயனைடு விஷத்தால் இறந்தார். வயது 41. தற்கொலை என்றது விசாரணை. அம்மா கடைசி வரை விபத்து என்றே நம்பினார்.

2013-ல் ராணி மன்னிப்பு வழங்கினார். யார் யாரை மன்னிப்பது? எனக்கு அந்த வார்த்தை ஒட்டவில்லை. வெள்ளைக்காரன் நமக்கு விட்டுப்போன 377-வது பிரிவும் இதே வகைதான். வயது வந்தவர்கள் சம்மதத்தோடு கொள்ளும் உறவு குற்றமில்லை என்று நம்ம சுப்ரீம் கோர்ட் சொன்னது 2018-ல்.

போத்தனூரில் பிறந்த அந்த அம்மா 1959-ல் மகனின் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதினார். யுத்தத்தில் சங்கேதத்தை எப்படி உடைத்தார் என்ற விவரம் அதில் கிடையாது. 1970-கள் வரை அது அரசாங்க ரகசியம்.