கூட்டம் தீர்ப்பிடும்போது: இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங்



சிந்தனைப் பக்கத்தில் சினிமாக்காரர் ஒருவரின் வாழ்க்கையா என்று சிலர் முகம் சுளிக்கலாம். ஆனால் ஃபிரிட்ஸ் லாங் தம் படங்களில் திரும்பத் திரும்ப எழுப்பிய கேள்வி நம்மையும் விட்டுவைக்காது. குற்றவாளி என்று நாம் நினைக்கும் ஒருவரைத் தண்டிக்கத் திரளும்போது, நாம் என்னவாக மாறிப்போகிறோம்?

லாங் 1890ஆம் ஆண்டு டிசம்பர் 5ஆம் நாள் வியன்னாவில் பிறந்தார். குழந்தையாக இருக்கும்போதே திருமுழுக்குப் பெற்றார். யூத குலத்தில் பிறந்த அவருடைய தாய் பவுலினா, மகனுக்கு ஏறக்குறைய பத்து வயதானபோது கத்தோலிக்க மறையைத் தழுவினார். லாங் கட்டடக் கலை படிக்கத் தொடங்கி, அதை விட்டுவிட்டு ஓவியத்தின் பக்கம் போனார். முதல் உலகப் போரில் ஆஸ்திரியப் படையில் சேர்ந்து காயமுற்றார். மருத்துவமனையில் படுத்திருந்த நாட்களில்தான் திரைக்கதை எழுதத் தொடங்கினார். போர் முடிந்ததும் பெர்லின் அவரை அழைத்துக்கொண்டது.

1921இல் வெளிவந்த 'களைத்த சாவு' அவருக்குப் பெயர் தேடித் தந்தது. காதலனை இழந்த ஒரு பெண், அவனைத் திருப்பித் தருமாறு சாவிடம் மன்றாடுகிறாள். இன்னொரு உயிரைக் கொண்டுவந்தால் தருவதாகச் சாவு சொல்கிறது. வாழ்ந்து முடித்த முதியவர்கள்கூடத் தங்கள் உயிரைக் கொடுக்க மறுக்கிறார்கள். அப்போது தீப்பற்றிய வீட்டில் ஒரு பச்சைக் குழந்தை அவள் கைக்குக் கிடைக்கிறது. அதைச் சாவிடம் கொடுத்தால் போதும். ஆனால் அவள் குழந்தையைச் சன்னல் வழியாக அதன் தாயிடம் இறக்கிவிட்டு, தன்னையே கையளிக்கிறாள். வசனம் பேசாத அந்தக் காலப் படம் ஒரு நல்ல மறையுரைக்குச் சமம் என்பேன்.

1922இல் எழுத்தாளர் தேயா ஃபான் ஹார்போவை மணந்தார். இருவரும் இணைந்து படைத்த 'மெட்ரோபோலிஸ்' 1927இல் வெளியானது. பாபேல் கோபுரம், பேராலயத்தில் தலையான பாவங்கள் ஏழின் சிலைகள், தொழிலாளருக்குப் போதிக்கும் மரியா என்னும் பெண் என்று படம் முழுவதும் கிறிஸ்தவச் சாயல். மரியாவின் உருவில் செய்த இயந்திரப் பெண்ணின் பேச்சில் மயங்கிய கூட்டம், கடைசியில் அவளையே கம்பத்தில் கட்டி எரிக்கிறது. முதலாளியும் தொழிலாளியும் கைகுலுக்கும் முடிவு மிக எளிதாகிவிட்டது என்று லாங் பின்னாளில் குறைபட்டுக்கொண்டார். அது நியாயமான குறைதான்.

அவருடைய உச்சம் 1931இல் வந்த 'எம்'. அவரது முதல் பேசும் படம் இது. சிறுமிகளைக் கொல்லும் ஒருவனைக் காவல்துறை தேடுகிறது. போலீஸ் கெடுபிடியால் தங்கள் தொழில் படுத்துவிட்டதே என்று திருடர்களும் ரவுடிகளும் அவனைத் தேடுகிறார்கள். அவர்களே பிடித்துவிடுகிறார்கள். பாழடைந்த சாராய ஆலையில் விசாரணை நடக்கிறது. கொலைகாரனாக நடித்த பீட்டர் லோரே, தனக்குள் இருப்பது தன்னைத் துரத்துகிறது, தன்னால் நிறுத்த முடியவில்லை என்று கதறுகிறார். கூட்டம் அவனைக் கொல்லத் துடிக்கிறது. அவன் செய்தது மன்னிக்கத்தக்கது என்று லாங் எங்கும் சொல்லவில்லை. பிள்ளையை இழந்த தாயின் வெறுமையான சாப்பாட்டு மேசையையும் அவரே காட்டுகிறார். யோவான் நற்செய்தி 8ஆம் அதிகாரத்தில் கல்லோடு நின்றவர்களை நாம் எளிதாகக் குறை சொல்லிவிடுகிறோம். இந்தப் படத்தைப் பார்ப்பவருக்கு அது அவ்வளவு எளிதாக இருக்காது.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். லாங்கின் 'டாக்டர் மபூசேயின் மரண சாசனம்' தடை செய்யப்பட்டது. ஜெர்மன் திரைத்துறைக்குத் தலைமை ஏற்கும்படி அமைச்சர் கோயபல்ஸ் தம்மை அழைத்ததாகவும், அன்றிரவே ரயிலேறித் தப்பியதாகவும் லாங் பலமுறை கதை சொன்னார். ஆனால் அவருடைய கடவுச்சீட்டு முத்திரைகள், அவர் அதற்குப் பின்னும் சில மாதங்கள் ஜெர்மனிக்கு வந்துபோனதைக் காட்டுகின்றன. கதையைச் சற்று மெருகேற்றியிருக்கிறார்! ஆனால் அவர் நாட்டையும் புகழையும் விட்டு வெளியேறியது உண்மை. ஹார்போவுடன் மணமுறிவு ஏற்பட்டது. அவர் ஜெர்மனியிலேயே தங்கி நாத்சி ஆட்சியிலும் திரைப்பணியைத் தொடர்ந்தார். 1940இல் நாத்சிகள் எடுத்த யூத வெறுப்புப் படமொன்றில், 'எம்' படத்தில் லோரே கதறும் காட்சியையே வெட்டிச் சேர்த்தார்கள், ஏனெனில் லோரே யூதர். கூட்ட வெறியை எதிர்த்த காட்சி கூட்ட வெறிக்கே தீனியானது.

அமெரிக்காவில் அவரது முதல் படம் 1936இல் வந்த 'ஃபியூரி'. 1933இல் கலிஃபோர்னியாவின் சான் ஹோசேயில் ஒரு கும்பல் இருவரைச் சிறையிலிருந்து இழுத்துத் தூக்கிலிட்ட நிகழ்ச்சி இதற்குத் தூண்டுதலாயிற்று. படத்தில் குற்றமற்ற ஒருவன் அடைபட்டிருக்கும் சிறைக்கு ஊரே திரண்டு தீ வைக்கிறது. தப்பிய அவன், செத்தவன்போல ஒளிந்திருந்து, அந்த 22 பேரும் தூக்கில் தொங்கட்டும் என்று காத்திருக்கிறான். பாதிக்கப்பட்டவனின் நெஞ்சிலும் அதே தீ! இறுதியில் அவன் நீதிமன்றத்துக்குள் நடந்து வருகிறான்.

லாங் எளிதான மனிதர் அல்லர். நடிகர்களையும் தொழிலாளர்களையும் கசக்கிப் பிழிந்தவர் என்ற பெயர் அவருக்கு உண்டு. இருபது ஆண்டுக்கால ஹாலிவுட் வாழ்க்கைக்குப் பின் மீண்டும் ஜெர்மன் படங்களுக்குத் திரும்பினார். அவற்றில் இரண்டுக்காக நம் நாட்டின் உதய்ப்பூருக்கும் வந்துபோனார். கடைசிப் படம் 1960இல் வெளிவந்தது. பார்வை ஏறக்குறைய மங்கிப்போன நிலையில், 1976 ஆகஸ்ட் 2ஆம் நாள் பெவர்லி ஹில்ஸில் காலமானார். தம் படங்களிலேயே சிறந்தது எது என்று கேட்டவர்களுக்கு, முதுமையிலும் அவர் சொன்ன பெயர் 'எம்'.